குடியாத்தத்துல இருந்து பாஸ்கட்பால் ஆடி வெளிநாடு வரைக்கும் போக முடியுமா? ஒரு அப்பாவோட கேள்விக்கு விரிவான பதில்

அண்ணே, நீங்க கேட்டது இதுதான். பையனுக்கு 16 வயசு, ப்ளஸ் ஒன் படிக்கிறான், உயரம் 6 அடி 3 அங்குலம், மாவட்ட டீம்ல ஆடுறான், ப்ரோ பிளேயர் ஆகியே தீருவேன்னு நிக்கிறான். இந்த நேரம் பாத்து ஒரு ஏஜென்ட் வாட்ஸ்அப்ல வந்து ஐரோப்பால ஒரு கிளப்புல கான்ட்ராக்ட் வாங்கித் தர்றேன், ரெஜிஸ்ட்ரேஷனுக்கும் விசாவுக்கும் மூணரை லட்சம் கட்டுங்கன்னு சொல்றான். தறிய அடமானம் வச்சு கட்டலாமா, படிப்ப நிறுத்திட்டு அனுப்பலாமா.

கட்டாதீங்க. படிப்பையும் நிறுத்தாதீங்க. இத முதல்லயே சொல்லிடறேன், ஏன்னா மிச்சத்த நீங்க நிதானமா நாளைக்குக் கூட படிக்கலாம், ஆனா அந்தப் பணம் இன்னைக்கு ராத்திரி கைய விட்டுப் போயிட்டா திரும்ப வராது. பீபான்னு இருக்குதே, உலகம் பூரா பாஸ்கட்பாலுக்கு தலைமை சங்கம், அவங்க ரூல்படி 18 வயசு முடியாத பையன ஒரு நாட்டு சங்கத்துல இருந்து இன்னொரு நாட்டு கிளப்புக்கு மாத்தவே கூடாது, ரொம்ப ஸ்பெஷலான கேஸ்ல மட்டும் பீபாவே உக்காந்து பாத்து அனுமதி குடுப்பாங்க. 18க்கு மேல ஆனாலும் இந்தியால இருந்து வெளிய ஆடப் போறவனுக்கு நம்ம பாஸ்கட்பால் ஃபெடரேஷன் கிட்ட இருந்து லெட்டர் ஆஃப் கிளியரன்ஸ்னு ஒண்ணு போகணும், அது போகாம எந்த லீக்லயும் பேர் ஏறாது. 16 வயசு பையனுக்கு ப்ரோ கான்ட்ராக்ட் ரெடின்னு ஒருத்தன் சொன்னா அவனுக்கு இந்த ரூல் தெரியல, இல்லன்னா தெரிஞ்சே சொல்றான். ரெண்டுல எதுவா இருந்தாலும் அவன் கைல உங்க பையன குடுக்கக் கூடாது. இன்னொண்ணு, உண்மையான ஏஜென்ட் பிளேயர் கிட்ட முன்பணம் வாங்க மாட்டான். கான்ட்ராக்ட் கையெழுத்தான பிறகு சம்பளத்துல பத்து சதவீதம் அளவுக்கு கமிஷன், அதையும் ஐரோப்பால பல இடத்துல கிளப்பே குடுத்துடும். பிளேயர் சம்பாதிச்சாதான் அவனுக்கு சோறு, அதுதான் அந்தத் தொழிலோட கணக்கு.

போன வருஷம் என்கிட்ட ப்ராக்டீஸ் பண்ற ஒரு பையன் இதே மாதிரி ஒரு பிடிஎஃப் கொண்டு வந்து காட்டினான். மேல கிளப் லோகோ, கீழ சீல், பாக்க அம்சமா இருந்துது. ஆனா கிளப் பேரு முதல் பக்கத்துல ஒரு ஸ்பெல்லிங், மூணாவது பக்கத்துல வேற ஸ்பெல்லிங். மெயில் ஐடி சாதாரண ஜிமெயில். சம்பளம் எவ்ளோன்னு போட்டிருந்தான், வரி பிடிச்சதுக்கு முன்னாடியா பின்னாடியான்னு போடல, எந்தத் தேதில குடுப்பாங்கன்னு போடல, முட்டி அடிபட்டா ஆஸ்பத்திரி செலவு யாருதுன்னு ஒரு வரி கூட இல்ல. பணம் கட்ட வேண்டிய அக்கவுன்ட் நம்பர் மட்டும் தடிமனான எழுத்துல ரெண்டு இடத்துல இருந்துது. அந்தப் பையனோட அம்மா ஆம்பூர்ல ஷூ கம்பெனில வேலை செய்றாங்க, வளையல கழட்டி வச்சிட்டாங்க அதுக்குள்ள. நல்லவேளை வட்டிக்கடைக்குப் போறதுக்கு முன்னாடி என்கிட்ட வந்தாங்க.

நான் யாருன்னு கேப்பீங்க. ஸ்டேட் ஆடினவன், நேஷனல்ஸ் ஆடினவன், இப்ப காட்பாடி பக்கம் ஒரு ஸ்கூல்ல பி.டி. மாஸ்டர், காலைலயும் சாயங்காலமும் பசங்களுக்கு கோச்சிங். ஆட்டம் என்ன குடுக்கும், எங்க கழுத்த அறுக்கும்னு ரெண்டையும் பாத்துட்டேன், அதனாலதான் இவ்ளோ நீளமா எழுதறேன்.

முதல்ல உள்ளூர் கதை. நம்ம நாட்டுல ப்ரோ பாஸ்கட்பால் பிளேயர்னா என்ன அர்த்தம்னு பையனுக்கு தெளிவா சொல்லணும். டிவில பாக்கற அமெரிக்கா மாதிரி இங்க வருஷம் பூரா ஓடற லீக் நிலைச்சு நின்னதே இல்ல. 2015ல யூபிஏன்னு ஒரு லீக் வந்துது, 2017ஓட நின்னு போச்சு. 2022ல ஃபெடரேஷனே ஐஎன்பிஎல்னு ஆரம்பிச்சாங்க, ஆறு ஊர் டீம், நம்ம பக்கம் சென்னை ஹீட். லீக் வரும்போது ஆடணும், காசு வரும்போது வாங்கிக்கணும், ஆனா அத நம்பி குடும்பம் நடத்த முடியாது. நிஜமா இங்க பாஸ்கட்பால் பிளேயருக்கு மாசாமாசம் சம்பளம் குடுக்கறது டிபார்ட்மென்ட் டீம்தான். ரயில்வே, ஐசிஎஃப், இந்தியன் ஓவர்சீஸ் பேங்க், இந்தியன் பேங்க், இன்கம் டாக்ஸ், கஸ்டம்ஸ், ஓஎன்ஜிசி, ஆர்மி, ஏர்ஃபோர்ஸ், கேரளால மின்சார வாரியம். ஸ்போர்ட்ஸ் கோட்டால வேலைக்கு எடுப்பாங்க, ப்ராக்டீஸுக்கு டைம் குடுப்பாங்க, டோர்னமென்ட்டுக்கு அனுப்புவாங்க, ஆட்டம் முடிஞ்ச பிறகும் வேலை இருக்கும், பிரமோஷன் இருக்கும்.

இது சின்ன விஷயம் இல்லண்ணே. அனிதா பால்துரை மேடம் சென்னைக்காரங்க, 19 வயசுலயே இந்திய டீம் கேப்டன், 2021ல பத்மஸ்ரீ, அவங்க சதர்ன் ரயில்வே எம்ப்ளாயி. கேரளால இருந்து வந்த கீது அன்னா ஜோஸ், அவங்களும் சதர்ன் ரயில்வேதான். ரயில்வே வேலைல இருந்துக்கிட்டே ஆஸ்திரேலியால ரிங்வுட் ஹாக்ஸ் கிளப்புக்கு ஆடினாங்க, 2011ல அமெரிக்கா போயி டபிள்யூஎன்பிஏ, அதாவது அங்க இருக்கற பெரிய பெண்கள் லீக், அந்த டீமுங்க கிட்ட ட்ரை-அவுட் குடுத்தாங்க. வெளிநாடு போறதுக்கு உள்ளூர் வேலைய விட்டுடணும்னு பையன் நினைச்சிட்டு இருந்தா கீது கதைய சொல்லுங்க. வேலை கைல இருந்ததாலதான் ஒரு சீசன் வெளிய போயி சரிவரலன்னாலும் திரும்பி வந்து நிக்கறதுக்கு ஒரு இடம் இருந்துது.

அந்த வேலைக்கு ஒரு கடிகாரம் ஓடுது, அத யாரும் பசங்களுக்கு சொல்றதில்ல. ரயில்வே ஸ்போர்ட்ஸ் கோட்டால 18ல இருந்து 25 வயசு வரைக்கும்தான் எடுப்பாங்க, ஒரு நாள் தாண்டினாலும் கிடையாது. வெறும் ஆட்டத்தப் பாத்து எடுக்க மாட்டாங்க, சர்டிபிகேட் வேணும். எந்த லெவல் போஸ்ட்டுங்கறது எந்த லெவல்ல ஆடினான்ங்கறத பொறுத்தது, நேஷனல்ஸ்ல முதல் மூணு இடத்துக்குள்ள வந்த டீம்ல இருந்தவனுக்கு ஒரு மதிப்பு, இந்தியாவுக்கு ஆடினவனுக்கு வேற மதிப்பு. லெவல் 2ன்னா பேசிக் 19,900 ரூபாய்ல ஆரம்பிக்கும், லெவல் 5ன்னா 29,200, மேல அலவன்ஸ் தனி. அந்த சர்டிபிகேட்டுக்கும் ஃபார்ம் இருக்கு. இந்தியாவுக்கு ஆடினா ஃபார்ம் ஒன், ஸ்டேட்டுக்காக நேஷனல்ஸ் ஆடினா ஃபார்ம் டூ, யூனிவர்சிட்டிக்கு ஃபார்ம் த்ரீ, ஸ்கூல் நேஷனல்ஸ்க்கு ஃபார்ம் ஃபோர். ஆடி முடிச்ச அந்த வருஷமே சங்கத்துல கையெழுத்து வாங்கி லேமினேட் பண்ணாம பைல்ல பத்திரமா வைங்க. அஞ்சு வருஷம் கழிச்சு போயி கேட்டா பழைய செக்ரட்டரி இருக்க மாட்டாரு, ரெக்கார்ட் இருக்காது, அலைஞ்சு செருப்பு தேயும். தமிழ்நாடு அரசு வேலையிலும் ஸ்போர்ட்ஸுக்கு 3 சதவீதம் ஒதுக்கீடு இருக்கு, அங்கயும் இந்த ஃபார்ம்தான் பேசும்.

நான் இந்த இடத்துலதான் வழுக்கினேன். எனக்கு 23 வயசு, கைல ஃபார்ம் டூ இருக்கு, ஒரு டிபார்ட்மென்ட் டீம்ல இருந்து ட்ரையல்ஸுக்கு கார்டு வந்துது. அதே வாரம் ஒருத்தர் வந்து வளைகுடால ஒரு கிளப், மேட்ச் ஃபீஸ் இவ்ளோ, ரூம் சாப்பாடு ஃப்ரீன்னு சொன்னாரு. பாஸ்போர்ட்ட குடுத்தேன். ட்ரையல்ஸ் அடுத்த வருஷமும் வரும்தானேன்னு போகல. நாலு மாசம் போன் பண்ணிக்கினே இருந்தேன், பாஸ்போர்ட் மட்டும் திரும்ப வந்துது. அடுத்த வருஷம் ஒரு காலேஜ் டோர்னமென்ட்ல சிமெண்ட் கோர்ட்ல ரீபவுண்ட் எடுத்துட்டு இறங்கறேன், பாதம் அப்படியே பிடிச்சு நின்னுடுச்சு, முட்டி மட்டும் திரும்புச்சு, உள்ள பட்டுன்னு ஒரு சத்தம். ஏசிஎல் கட், முட்டிக்குள்ள இருக்கற முக்கியமான நார் அறுந்துடுச்சு. ஆபரேஷன், பிசியோ, தொடை சதை பழையபடி வர்றதுக்குள்ள 25 தாண்டிப் போச்சு. எங்கப்பா அந்த ட்ரையல்ஸ் கார்டை ரொம்ப நாள் பீரோல வச்சிருந்தாரு. ஒரு வார்த்தை கேட்டதில்ல என்னை.

சரி, இப்ப வெளிநாடு. முடியுமான்னா முடியும், போயிருக்காங்க, விரல் விட்டு எண்ற அளவுக்கு. எல்லாரும் சொல்ற பேரு சத்னாம் சிங். பஞ்சாப்ல ஒரு கிராமத்துப் பையன், 7 அடி 2. 2010ல ஐஎம்ஜி ரிலையன்ஸ் ஸ்காலர்ஷிப்ல சில பசங்கள அமெரிக்கா ஃப்ளோரிடால இருக்கற ஐஎம்ஜி அகாடமிக்கு அனுப்பினாங்க, அதுல ஒருத்தன். கவனிங்க, ஸ்டூடன்ட்டா போனான், கிளப் கான்ட்ராக்ட்ல இல்ல. 2015ல என்பிஏல, அதாவது அமெரிக்காவோட பெரிய லீக்ல, டீமுங்க புது ஆளுங்கள வரிசையா எடுக்கற ட்ராஃப்ட்ல டல்லாஸ் மேவரிக்ஸ் அவன 52வது ஆளா எடுத்தாங்க, அந்த ட்ராஃப்ட்ல மொத்தமே 60 பேர்தான், இந்தியால பொறந்து அதுல பேர் வந்த முதல் ஆளு அவன்தான். ஆனா என்பிஏ சீசன்ல ஒரு மேட்ச் கூட அவனுக்கு கிடைக்கல, டெக்சாஸ் லெஜண்ட்ஸ்னு கீழ் லீக் டீம்ல ரெண்டு சீசன், அதுவும் பெஞ்ச்ல நிறைய நேரம். அப்புறம் கனடால கொஞ்ச நாள். 2020 கடைசில டோப் டெஸ்ட் விஷயத்துல ஊக்கமருந்த தடுக்கற நம்ம நாட்டு ஏஜென்சி நாடா 2 வருஷம் தடை போட்டாங்க. அப்புறம் அமெரிக்கால ரெஸ்லிங் பக்கம் போயிட்டாரு. 7 அடி 2 இருந்தும் இவ்ளோதான் வழி விட்டுது அந்த உலகம்.

எனக்கு அதைவிட பிடிச்சது அம்ரித்பால் சிங் கதை. விவசாயக் குடும்பம், பாஸ்கட்பாலத் தொட்டதே கிட்டத்தட்ட 19 வயசுல. 2014ல சீனா வூஹான்ல ஆசியக் கோப்பைல நம்ம டீம் சீனாவ அவங்க ஊர்லயே 65-58னு அடிச்சாங்களே, அந்த டீம்ல அவரும் அம்ஜோத் சிங்கும் விசேஷ் பிருகுவன்ஷியும் இருந்தாங்க. அந்த மேட்ச நான் லேப்டாப்ல பாத்தேன், நெட் நின்னு நின்னு வருது, கடைசி ரெண்டு நிமிஷம் படம் உறைஞ்சு போச்சு, ஸ்கோர் மட்டும் மாறுது, கத்திட்டேன் வீட்ல. பின்னாடி அம்ஜோத், அம்ரித்பால் ரெண்டு பேரும் ஜப்பான்ல டோக்கியோ எக்ஸலன்ஸ்னு ஒரு கிளப்புக்கு ஆடினாங்க, ரெண்டாவது டிவிஷன். அங்க இருந்து அம்ரித்பால் 2017ல சிட்னி கிங்ஸ் போனாரு, ஆஸ்திரேலியாவோட பெரிய லீக்ல ஆடின முதல் இந்தியர். அம்ஜோத் அதே வருஷம் அமெரிக்கால என்பிஏவுக்கு கீழ இருக்கற ஜி லீக்ல ஓக்லஹோமா சிட்டி ப்ளூ டீம். விசேஷும் அடிலெய்ட் டீம் கூட ப்ராக்டீஸ் பிளேயரா போனாரு, லீக் மேட்ச் கிடைக்கல. இதுல இருந்து என்ன தெரியுது, இவங்க யாரையும் வாட்ஸ்அப்ல பிடிச்சு கூட்டிட்டுப் போகல. இந்தியா ஜெர்சில ஆசிய லெவல்ல பெரிய டீமுக்கு எதிரா ஆடினது வீடியோவா இருக்கு, அதுதான் அவங்க பயோடேட்டா.

அப்புறம் பிரின்ஸ்பால் சிங். 2017ல டெல்லி பக்கத்துல என்பிஏ அகாடமி ஆரம்பிச்சாங்க, அதுல சேந்தான், அங்க இருந்து ஆஸ்திரேலியால இருந்த குளோபல் அகாடமி, 2020ல ஜி லீக் இக்னைட் டீம், 2021ல சம்மர் லீக் ஜெயிச்ச சாக்ரமென்டோ கிங்ஸ் டீம்லயும் இருந்தான். உயரம் 6 அடி 9க்கு குறையாது. அந்த இக்னைட் டீமையே 2024ல மூடிட்டாங்க, அதையும் சேத்து சொல்லணும், வெளிநாட்டுலயும் எதுவும் நிரந்தரம் இல்ல.

காசு எவ்ளோன்னு கேட்டீங்க. என்பிஏ கோடிகள மனசுல வச்சு கணக்கு போடாதீங்க. அம்ஜோத் போன 2017-18 சீசன்ல ஜி லீக் சம்பளம் ஒரு சீசனுக்கு 20,000 டாலருக்கு கொஞ்சம் கம்மி, நல்ல கிரேடுன்னா 26,000. அடுத்த வருஷம் 35,000 ஆக்கினாங்க, இப்ப 40,000க்கு மேல. நம்ம ரூபாய்ல பெருசா தெரியும், அமெரிக்கால இருக்கறவனுக்கு அது சாதாரணம். ஐரோப்பால நல்ல கான்ட்ராக்ட்னா வரி போக கைல வர்ற சம்பளம், ஃப்ளாட், போக வர டிக்கெட், மெடிக்கல் இன்சூரன்ஸ், சில இடத்துல கார் கூட தருவாங்க. ஆனா வெளிநாட்டு பிளேயருக்கு ஒவ்வொரு லீக்லயும் இத்தனை பேர்தான்னு கணக்கு இருக்கு. அந்த ஒரு சீட்டுக்கு அமெரிக்க காலேஜ்ல ஆடிட்டு வந்தவன் ஆயிரம் பேர் நிக்கறான். வந்த நாள்ல இருந்து அவன்தான் டீம தூக்கி நிறுத்தணும், நாலு மேட்ச் சொதப்பினா டிக்கெட் போட்டு வீட்டுக்கு அனுப்பிடுவாங்க. சின்ன கிளப்புல ரெண்டு மாசம் மூணு மாசம் சம்பளம் இழுத்தடிக்கறதும் சகஜம். அதுக்குத்தான் பீபா 2007ல ஜெனீவால ஒரு நடுவர் மன்றம் வச்சாங்க, பாட்னு சொல்வாங்க. சம்பளம் வராத பிளேயர் அங்க கேஸ் போட்டு வாங்கலாம், ஆனா தகராறு வந்தா பாட்தான் முடிவு பண்ணும்னு கான்ட்ராக்ட்லயே அந்த வரி எழுதி இருக்கணும். இல்லன்னா அந்த நாட்டு கோர்ட்ல அந்த நாட்டு பாஷைல அலையணும்.

இப்ப உங்க பையன் ஆட்டத்துக்கு வர்றேன். நீங்க அனுப்பின வீடியோ மூணையும் பாத்தேன். மூணுலயும் அவன் ரிங்குக்கு கீழ முதுகு காட்டி நிக்கறான், பந்து வருது, திரும்பறான், போடறான். எதிர்ல இருக்கற பையன் இவன் தோள் உயரம் கூட இல்ல. எல்லாமே வலது கை. அவன் தப்பு இல்ல இது, நம்ம பக்கம் கொஞ்சம் உயரமா ஒரு பையன் வந்தா உடனே போஸ்ட்ல, அதாவது ரிங்குக்கு கீழ நிறுத்திடுவோம், மேட்ச் ஜெயிக்கணும்ல, கப்பு ஸ்கூலுக்கு வரணும்ல. நானும் பல வருஷம் அத பண்ணியிருக்கேன், இப்ப நினைச்சா வருத்தமா இருக்கு. 6 அடி 3 குடியாத்தத்துல ரிங்குக்கு கீழ நிக்கற சென்டர். சென்னைல ஃபார்வர்ட். என்பிஏல சராசரி உயரமே 6 அடி 6 பக்கம், அங்கயும் ஐரோப்பாலயும் 6 அடி 3ங்கறது பந்த எடுத்துட்டு வர்ற பாயிண்ட் கார்ட். அதாவது அவன் போக ஆசைப்படற இடத்துல அவனுக்கு இருக்கற ஒரே பொசிஷன் அவன் இதுவரைக்கும் ஆடாத பொசிஷன். விசேஷ் பிருகுவன்ஷி உங்க பையன விட கொஞ்சம்தான் உயரம், அவர் கார்டு. அவர் வீடியோவ போட்டுக் காட்டுங்க, பந்து இல்லாதப்ப கால் எங்க வைக்கிறார்னு பாக்க சொல்லுங்க.

இடது கை. ஷூட்டிங். அழுத்தம் குடுக்கும்போது ட்ரிப்ளிங். இது மூணும் இந்த ரெண்டு வருஷத்துல வரணும். த்ரீ பாயிண்ட் லைன் பீபா கோர்ட்ல 6.75 மீட்டர், நம்ம ஸ்கூல் கோர்ட்டுங்கள்ல பழைய 6.25 கோடே இன்னும் இருக்கும், டேப் வச்சு அளந்து சாக்பீஸ்ல ஒரு கோடு போட்டுக்க சொல்லுங்க, அங்க இருந்து தினம் 200 பந்து. என்கிட்ட இருக்கற ஒரு பையன் காலைல அஞ்சரைக்கு வருவான், பந்து காஸ்கோ, புள்ளி புள்ளியா இருக்குமே மேல் தோலு, அது பூரா சிமெண்ட்ல தேஞ்சு மொழுமொழுன்னு தக்காளி மாதிரி ஆயிடுச்சு. பனில கை வழுக்கும். அவன் என்ன பண்ணுவான்னா சட்டைல பந்த ஒரு தடவ துடைப்பான், போடுவான், ஓடிப் போயி எடுப்பான், துடைப்பான், போடுவான். 200 எண்ணி முடிச்சாதான் தண்ணி. அந்த வழுக்கற பந்துல பழகினவன் சென்னைல ஒரு கேம்ப்ல புது மோல்டன் பந்த கைல வாங்கினப்ப, சார் கைலயே ஒட்டிக்குதுன்னு சிரிச்சான். அந்த கேம்ப்ல செலக்ட் ஆனான்.

நம்ம ஊர் வெயில் பத்தியும் சொல்லணும். கத்திரி வெயில்ல பத்து மணிக்கு மேல சிமெண்ட் கோர்ட்ல விடாதீங்க, ஷூ அடி பிசுபிசுன்னு ஆயிடும், முன்கால் எலும்பு வலி வந்தா ஆறு மாசம் போகாது. தேஞ்ச ஷூவோட ஆட விடாதீங்க. சட்டை எதுவா வேணா இருக்கட்டும், ஷூல கஞ்சத்தனம் வேணாம், என் முட்டி அதுக்கு சாட்சி. முட்டை, வேர்க்கடலை, கேழ்வரகு, பருப்பு, முடிஞ்சப்ப கறி, இது போதும் இந்த வயசுக்கு. ஜிம்ல எவனாவது டப்பா பவுடர் குடுத்தா வாங்கிக் குடிக்க வேணாம்னு கண்டிப்பா சொல்லுங்க, டப்பா மேல எழுதாதது உள்ள இருக்கும், டெஸ்ட்ல மாட்டினா நான் தெரியாம குடிச்சேன்னு சொன்னா விட மாட்டாங்க.

வேலூர்ல இருந்துக்கிட்டே ஆக முடியாதான்னு கேட்டிருந்தீங்க. மனசுக்கு கஷ்டமாதான் இருக்கு, ஆனா ஒரு கட்டத்துக்கு மேல முடியாது. நம்ம சத்துவாச்சாரில இருந்து சதீஷ் சிவலிங்கம் போயி 2014 கிளாஸ்கோ, 2018 கோல்ட் கோஸ்ட் ரெண்டு காமன்வெல்த்லயும் வெயிட் லிஃப்டிங்ல தங்கம் அடிச்சாரு. அங்க தெருவுக்கு தெரு அந்தப் பழக்கம் இருக்கு, அண்ணன் தூக்கறத தம்பி பாக்கறான், அண்ணனுக்கு வேலை கிடைக்கறத பாக்கறான். அதுவும் இல்லாம இரும்பு எல்லா ஊர்லயும் அதே கிலோதான். பாஸ்கட்பால் அப்படி இல்ல, எதிர்ல உன்னைவிட நல்லா ஆடறவன் தினம் அஞ்சு பேர் நிக்கணும், அப்பதான் வளர முடியும். உங்க பையனுக்கு இங்க எதிர்ல ஆள் இல்ல. அதனால ப்ளஸ் டூ முடிச்ச உடனே சென்னைக்கோ கோயம்புத்தூருக்கோ காலேஜ் போகணும், எஸ்ஆர்எம், சத்யபாமா, லயோலா, பிஎஸ்ஜி மாதிரி டீம் வச்சிருக்கற இடத்துல ஸ்போர்ட்ஸ் கோட்டால சீட்டும் ஃபீஸ் சலுகையும் கேட்கலாம். விளையாட்டு மேம்பாட்டு ஆணையத்தோட ஸ்போர்ட்ஸ் ஹாஸ்டல் 7, 8, 9, 11ன்னு இந்த வகுப்புக்குத்தான் ஆள் எடுப்பாங்க, செலக்‌ஷன் மே மாசம் நடக்கற நம்ம கெங்கையம்மன் சிரசு திருவிழா டைம ஒட்டிதான் பெரும்பாலும் வரும். உங்க பையனுக்கு அது தாண்டிடுச்சு, பரவாயில்ல, சொந்தத்துல சின்னப் பசங்க யாராவது ஆடினா சொல்லி வைங்க.

லீவுல ஒரு வேலை பண்ணுங்க. கரூர்ல எல்ஆர்ஜி நாயுடு கோப்பை, பெரியகுளம் டோர்னமென்ட், கோயம்புத்தூர்ல பிஎஸ்ஜி கோப்பை, இதுல ஏதாவது ஒண்ணுக்கு பையன கூட்டிட்டுப் போயி கேலரில உக்கார வைங்க. ராத்திரி லைட் போட்டு ஆடுவாங்க, பேங்க் டீம், ஆர்மி டீம், ஏர்ஃபோர்ஸ் எல்லாம் வரும். டிவில பாக்கறதும் இதுவும் ஒண்ணு இல்ல. 6 அடி 7 இருக்கறவன் பந்த தரையோட தரையா தட்டிக்கினு ஓடறதையும், 30 வயசு பேங்க் ஆபீசர் ஒருத்தர் மேட்ச் முடிஞ்சு முட்டில ஐஸ் கட்டிக்கினு பொண்டாட்டி கிட்ட போன்ல பேசறதையும் அவன் பாக்கணும். அதுதான் இங்க ப்ரோ. தமிழ்நாட்டு பையனுக்கு அது மட்டமான இடமும் இல்ல, 2025ல இந்தியா ஆசியக் கோப்பைக்கு ஜெட்டா போனப்ப அந்த டீம்ல நம்ம முயின் பெக் ஹபீஸ் இருந்தாரு, நம்ம ஸ்டேட் ஆளுதான்.

படிப்ப ஏன் நிறுத்தக் கூடாதுன்னா இன்னொரு காரணமும் இருக்கு. வெளிநாடு போறதுக்கு உள்ளதுலயே நேர்மையான கதவு அமெரிக்க காலேஜ். பெங்களூர் பொண்ணு சஞ்சனா ரமேஷ் நார்தர்ன் அரிசோனா யூனிவர்சிட்டிக்கு ஆடினாங்க, என்பிஏ அகாடமில இருந்தும் சிலர் போனாங்க. டிவிஷன் ஒன், அதாவது அங்க காலேஜ் ஆட்டத்துல மேல் லெவல், அந்த காலேஜ்ல முழு ஸ்காலர்ஷிப் கிடைச்சா படிப்பு, ரூம், சாப்பாடு எல்லாம் அதுலயே. ஆனா அதுக்கு 9வது வகுப்புல இருந்து மார்க் ஷீட் கேப்பாங்க, குறைஞ்சபட்ச கிரேடு இல்லன்னா எவ்ளோ நல்லா ஆடினாலும் கதவு திறக்காது. முன்னாடியே எவன் கிட்டயாவது ப்ரோன்னு கையெழுத்து போட்டிருந்தா அதுவே வில்லங்கம் ஆயிடும். உங்க ஏஜென்ட் நீட்டற பேப்பர் போலியா இருந்தாலும் கூட அதுல பையன் கையெழுத்து இருக்கக் கூடாதுன்னு நான் சொல்றது இதுக்காகத்தான். இங்கிலீஷ் பேச பழகட்டும், ப்ளஸ் டூல மார்க் எடுக்கட்டும், பாஸ்போர்ட் எடுத்து வைங்க, அதுல இருக்கற பொறந்த தேதியும் ஸ்கூல் சர்டிபிகேட்ல இருக்கறதும் ஒண்ணா இருக்கணும். வயசு குறைச்சு ஆட வைக்கலாம்னு யாராவது சொன்னா அந்த ஆள் பக்கமே போகாதீங்க.

ஏஜென்ட்டுக்கு இன்னைக்கே ஒரு மெசேஜ் போட்டுடுங்க, நான் எழுதித் தர்றேன், அப்படியே அனுப்பலாம்: "உங்க பீபா ஏஜென்ட் லைசென்ஸ் நம்பர் அனுப்புங்க. கிளப்போட சொந்த மெயில்ல இருந்து ஒரு லெட்டர் வரட்டும். பையனுக்கு 16 வயசு, பீபா எந்த விதில அனுமதி குடுக்குதுன்னு எழுதுங்க. பணம் எதுவும் முன்னாடி கட்ட மாட்டோம், கமிஷன் முதல் சம்பளத்துல பிடிச்சுக்கலாம்." பதில் வந்தா எனக்கு ஃபார்வர்ட் பண்ணுங்க, நான் படிச்சுப் பாத்து சொல்றேன். ப்ளாக் பண்ணிட்டாலும் சொல்லுங்க, அவன் வேற வீட்டுக்குப் போயிருப்பான், ஆம்பூர், வாணியம்பாடி பக்கம் இருக்கற கோச்சுங்களுக்கு நான் சொல்லி வைக்கணும்.